தும்மல் மலைக்கு ஒரு மாலை

தாமரை எழுதிய நாடகத்தில் மொத்தம் ஏழு மலைகள். அவற்றில் ஒன்றுகூட நல்ல மலை இல்லை.

முதல் மலைக்குக் கூச்சம் அதிகம். யாராவது ஏறினால் சிரித்துக் குலுங்கி, ஏறியவரை உருட்டிவிடும். இரண்டாவது மலை கொட்டாவி விடும். பக்கத்தில் நின்றால் ஆளையே விழுங்கிவிடும். ஏழாவதுதான் எல்லாவற்றிலும் பொல்லாதது. அதன் பெயர் தும்மல் மலை. ஒரு தும்மல் போட்டால் மூன்று ஊர் பறக்கும்.

இந்த மந்திர மலைத்தொடரைத் தாண்டிப்போய் இளவரசன் மருந்து கொண்டுவர வேண்டும். ஏனென்றால் மினுக்குப்பட்டணத்தில் ராஜா முதல் பூனை வரை எல்லாருக்கும் தீராத விக்கல்.

"மலைகளை யார் செய்யறது?" என்று அலமேலு டீச்சர் வகுப்பில் கேட்டதும் தாமரையின் கை உயர்ந்துவிட்டது. அவளுக்கு மூளையைவிடக் கைக்கு வேகம் அதிகம்.

"எங்க அப்பா செஞ்சி தருவாரு டீச்சர்! அட்டைப்பெட்டியில சூப்பரா செய்வாரு!"

இது நடந்தது நாடகத்துக்கு இரண்டு வாரம் முன்பு. தாமரை அதை அப்பாவிடம் சொன்னது முந்தின நாள்தான்.

அப்பா சபாபதிக்கு பிரிக்பீல்ட்ஸில் பூக்கடை. செந்தூல் வீட்டிலிருந்து அவர் கிளம்பும்போது தாமரை தூங்கிக்கொண்டிருப்பாள். அதனால் அம்மாவின் கைப்பேசியில், வழக்கம்போல ஆங்கில எழுத்தில் தட்டினாள்:

"Appa, naalaikku school-ku 7 malai venum. Perusa. Payangarama irukkanum."

பதிலுக்கு ஒரு கட்டைவிரல் படம் வந்தது. அப்பா எதற்கும் கட்டைவிரல்தான் அனுப்புவார்.

மறுநாள் காலை. நாடகத்துக்கு இன்னும் அரைமணி நேரம். பள்ளி மண்டபத்தின் வாசலில் அப்பாவின் வேன் வந்து நின்றது. கதவு திறந்ததும் மல்லிகை மணம் வந்தது.

தாமரைக்குச் 'சுருக்' என்றது. அட்டைப்பெட்டிக்கு அந்த மணம் வராதே!

அப்பா பெரிய கூடையைத் தூக்கிக்கொண்டு வந்தார். உள்ளே ஏழு மாலைகள். ஒவ்வொன்றும் மலைப்பாம்பு மாதிரி தடிமன். ரோஜா, மல்லிகை, செவ்வந்தி, இடையிடையே ஜரிகை.

"எப்படிம்மா? நீ கேட்ட மாதிரியே பயங்கரமா இருக்கா?" என்றார் அப்பா. "யாரு வராங்க? மந்திரியா, நம்ம தொகுதி ஒய்.பி.யா? ஏழு பேருமே பெரிய ஆளுங்களா?"

தாமரை மனதுக்குள் அந்தச் செய்தியை மறுபடி படித்தாள். malai. மலை. மாலை. ஆங்கில எழுத்தில் இரண்டும் ஒன்றுதான். ஒரு பூக்கடைக்காரருக்கு 'malai' என்று அனுப்பிவிட்டு, மலை வரும் என்று காத்திருந்த ஆள் உலகத்தில் தான் ஒருத்தியாகத்தான் இருக்க வேண்டும் என்று அவளுக்குத் தோன்றியது.

சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தாள். அப்பாவின் விரல்கள் கண்ணில் பட்டன. நூல் அறுத்த கோடுகள் இன்னும் சிவப்பாக இருந்தன. தேர்வு எழுதிவிட்டு மதிப்பெண்ணுக்காக நிற்கும் பையனைப் போல அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ரொம்ப பயங்கரமா இருக்குப்பா," என்றாள் தாமரை. அதில் பொய்யே இல்லை.

அப்பா சந்தோஷமாகப் போய் முதல் வரிசையில் உட்கார்ந்தார்.

மேடைக்குப் பின்னால் இளவரசன் பிரவின் அட்டைக் கத்தியோடு நின்றான்.

"மலை எங்க லா?"

"இதான்."

"இது மாலை லா!"

"தெரியும் லா!"

அலமேலு டீச்சர் நெற்றியில் கை வைத்தார். "உங்க அப்பாகிட்டயே கேட்போம். வேன்ல காலிப்பெட்டி ஏதாச்சும் இருக்கும்."

"வேணாம் டீச்சர்! தப்பு என்னோடது. அவரு ஆசையா கட்டியிருக்காரு."

"அப்போ மலையை விட்டுடலாம்."

தாமரை யோசித்துப் பார்த்தாள். மலை இல்லாவிட்டால் பிரவின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் நடப்பான். மருந்தை எடுப்பான். திரும்பி வருவான்.

"அதுக்குப் பேரு நாடகம் இல்ல டீச்சர். பாசார் போயி காய் வாங்கிட்டு வர்றது."

அப்போது மூலையில் ஒரே கூச்சல். விழாவில் நடனம் ஆடி முடித்த முதலாம் ஆண்டுக் குழந்தைகள் சிலர் பச்சை மேசைத்துணிகளைப் போர்த்திக்கொண்டு ஒருவரையொருவர் முட்டிக்கொண்டிருந்தார்கள். தாமரை எண்ணினாள். சரியாக ஏழு பேர்! கடைசியில் குட்டி ரிஷி, மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்றான்.

"டீச்சர்! மலை கிடைச்சாச்சு!"

பிரவின் முகம் வாடியது. "நான் மலைகளோட கத்திச் சண்டை போடணுமே. இதுங்களையா வெட்டறது?"

"வேணாம். பள்ளிக்குப் பெரியவங்க வந்தா என்ன செய்வோம்?"

"மாலை போடுவோம்."

"போட்டா?"

"சிரிப்பாங்க. அப்புறம் ரொம்ப நேரம் பேசுவாங்க."

"மலை பேசாது. சிரிச்சிட்டு வழி விட்டுடும்."

"ரெண்டு வாரமா கத்தி சுத்திப் பழகினேன் லா!"

"மாலைய சுத்து. யாரு வேணாங்கறா?"

திரை விலகியது. தாமரை ஒலிபெருக்கியில் கதை சொன்னாள். ஏழு பச்சை மலைகள் மேடைக்கு நடந்தே வந்தன. ஒரு மலைக்குச் செருப்பு கழன்றது. அது நின்று மாட்டிக்கொண்டு வந்தது. மண்டபமே சிரித்தது.

பிரவின் மாலையைத் தலைக்கு மேல் சுழற்றி முதல் மலைக்குப் போட்டான். கழுத்தில் பூப் பட்டதும் மலை நிஜமாகவே கூச்சத்தில் நெளிந்து சிரித்து, வழி விட்டது. இரண்டாவது மலை கொட்டாவியைப் பாதியில் நிறுத்தி மாலையை மோந்து பார்த்தது. இப்படியே ஆறு மலைகளும் அடங்கின.

கடைசியில் தும்மல் மலை. மல்லிகை மாலை ரிஷியின் மூக்கருகே வந்தது.

"ஆஆஆ... அச்ச்சூ!"

மேசைத்துணி பறந்தது. பூவிதழ்கள் தெறித்தன. பயந்துபோன பிரவின் பின்னால் சாய்ந்து 'தொப்' என்று உட்கார்ந்தான்.

எல்லாரும் சிரிக்க, ரிஷியின் உதடு பிதுங்கியது. கண்ணில் நீர் முட்டியது. இன்னும் ஒரு நொடியில் மலை 'அம்மா' என்று அழுதிருக்கும்.

தாமரை ஒலிபெருக்கியைப் பிடித்துக் கத்தினாள்: "பார்த்தீர்களா! இதுதான் பயங்கரமான தும்மல் மலை! ஒரே தும்மலில் இளவரசனையே தள்ளிவிட்டது! பலமாகக் கை தட்டுங்கள்!"

கைதட்டல் காதைப் பிளந்தது. எல்லாருக்கும் முந்தித் தட்டியவர் அப்பாதான். ரிஷி கண்ணைத் துடைத்தான். நெஞ்சை நிமிர்த்தினான். கேட்காமலேயே இன்னொரு தும்மல் போட்டான். பிரவின் இந்த முறை எட்டி நின்றே மாலையைப் போட்டான்.

நாடகம் முடிந்ததும் அப்பா கையில் கைப்பேசியோடு வந்தார்.

"தாமர, நீ கேட்டது மாலையா, மலையா?"

தாமரை பாவாடை நுனியைத் திருகினாள். "மலைப்பா. அட்டைப்பெட்டி மலை."

அப்பா கைப்பேசியில் அந்தச் செய்தியை மறுபடி படித்தார். அப்புறம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "மாலை போட்டுக்க எந்தப் பெரிய ஆளும் வரலயேன்னு வாசலயே பாத்துக்கிட்டு இருந்தேம்மா!"

"கோவமாப்பா?"

"கோவமா? எத்தனையோ ஒய்.பி.ங்க என் மாலைய போட்டிருக்காங்க. ஒருத்தராச்சும் இப்படித் தும்மியிருக்காங்களா?"

அன்று மாலை தாமரை அம்மாவின் கைப்பேசியை எடுத்தாள். இந்தத் தடவை நல்ல தமிழ் எழுத்தில் தட்டினாள்:

"அப்பா, வரும்போது பால் வாங்கிட்டு வாங்க. பல் இல்லை, பால்."

வழக்கம்போலக் கட்டைவிரல் வந்தது. அதற்குப் பக்கத்தில், முதல்முறையாக, இன்னொரு படமும் வந்தது. வெள்ளை வெளேரென்று ஒரு பல்.