முறைத் தண்ணீர்

விடிந்தும் விடியாததுமாகக் கணவர் அடுப்படி வாசலில் வந்து நின்றபோது அவள் பால் காய்ச்சிக்கொண்டிருந்தாள். கையில் மடைச்சாவி. வாய்க்கால் மடையின் பலகையை ஏற்றி இறக்கும் இரும்புச் சாவி அது. கதவுக்குப் பின்னால் ஆணியில் தொங்கியதை எடுத்துவந்து, நுனியில் ஒட்டியிருந்த சேற்றை விரலால் தேய்த்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நேத்து வாய்க்கால் தண்ணிக்கு நம்ம முறை. சாவியில ஈரம் இருக்கு, வயல்ல ஈரம் இல்ல. தண்ணி எங்க போச்சு?"

ஏர் பிடித்த கையோடு சட்டசபைக்குப் போனவர். ஐந்து முறை ஜெயித்து, ஆறாவது முறை தோற்று மூன்று மாதமாகிறது. தோற்றதிலிருந்து அவருக்கு எல்லார் மேலும் சந்தேகம். கார் ஓட்டியவர் மேல், ஃபோன் எடுக்காதவர்கள் மேல், கூடப் பிறந்த தம்பி மேல். மந்திரிகளைக் குறுக்குக் கேள்வி கேட்டுப் பழகிய வாய், கேட்க ஆள் இல்லாமல் அடுப்படிக்கு வந்துவிட்டது. அவளும்தான் என்ன செய்வாள், பாலைப் பார்ப்பது போலத் திரும்பிக்கொண்டாள்.

மாட்டுக் கொட்டகையிலிருந்து வந்த கொழுந்தனை அவர் உட்காரக்கூட விடவில்லை. இருபத்தைந்து வருஷமாக அண்ணன் நிலத்தையும் சேர்த்து உழுதவன் அவன். விளைச்சல் வருஷா வருஷம் ஏன் குறைந்தது என்று கேட்டார். அடுத்த வயல் அவனுடைய மாமனாருடையது என்பதை, ஏதோ இன்றுதான் கண்டுபிடித்தது போலச் சொன்னார். முறைத் தண்ணீரை அங்கே திருப்பிவிட்டு வீட்டை ஏமாற்றுகிறான் என்றார்.

"இன்னியோட நீ நிலத்துல கால் வைக்காதே. வேற ஆளைப் பாத்துக்கறேன்."

கொழுந்தன் ஒரே ஒரு தடவை அண்ணியைப் பார்த்தான். பிறகு தலையைக் குனிந்துகொண்டு, தோளில் கிடந்த துண்டை மடித்தான்... மடித்துக்கொண்டே இருந்தான். வாய் திறக்க மாட்டான். அவளுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறான், பாவி!

சொன்னால் கணவரின் மானம் போகும். சொல்லாவிட்டால் இவன் பிழைப்பு போகும். இத்தனை வருஷம் தப்பித்துக்கொண்டிருந்த கணக்கு இன்று அடுப்படியிலேயே வந்து மாட்டிக்கொண்டது. அவள் அடுப்பை அணைத்தாள்.

"என்கூட வாங்க. தம்பி, நீயும் வா."

வாய்க்கால் கரையோடு மூவரும் நடந்தார்கள். கொழுந்தனுடைய மாமனாரின் வயல் காய்ந்து கிடந்ததைக் கணவர் பார்த்தார். அதிலும் ஏதோ தந்திரம் இருக்கும் என்று முணுமுணுத்தார். வாய்க்காலின் வளைவைத் தாண்டினார்கள். அங்கிருந்து வாய்க்கால் முடியும் கடைமடை ஊர் வரை அவர் போராடி வாங்கிய சிமெண்டு வாய்க்கால். முதல் தடவை ஜெயித்தபோது கட்டியது. ஒவ்வொரு தேர்தலிலும் அதைச் சொல்லித்தான் ஓட்டுக் கேட்டார். தோற்றபோதுகூடக் கடைமடை ஊர் மட்டும் மொத்தமாக அவருக்கே போட்டது.

கடைமடையில் வயல் நிறையத் தண்ணீர் நின்றது. வரப்பில் களை எடுத்துக்கொண்டிருந்த பெண் எழுந்து கும்பிட்டாள்.

"நீங்களே வந்துட்டீங்களா ஐயா! உங்க முறை நாள்ல மடையைச் சாத்தி இங்க விடறீங்களே, அதுலதான் எங்க அடுப்பு எரியுது. ஐயாதான் விடச் சொன்னார்னு அக்கா ஒவ்வொரு தடவையும் சொல்லுவாங்க."

அவர் திரும்பி மனைவியைப் பார்த்தார். அவள் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். திறப்பு விழா அன்று மேலே இருந்த எல்லா மடையையும் சாத்தியிருந்தார்கள், அதனால்தான் தண்ணீர் இதுவரை வந்தது. மறுநாள் மடைகளைத் திறந்ததும் வளைவோடு நின்றுவிட்டது. வாய்க்காலின் வாட்டம், தண்ணீர் ஓட வேண்டிய சரிவு, தப்பு. கட்டினவர்களுக்கும் தெரியும், சொல்லவில்லை. அவர் அப்போது ஊர் ஊராக மாலை வாங்கிக்கொண்டிருந்தார்.

"உங்க பேரு கெட்டுடக் கூடாதுன்னு நம்ம முறையை இவங்களுக்கு விட்டோம். தம்பி மாட்டேன்னுதான் சொன்னான். நான்தான் சத்தியம் வாங்கினேன். விவசாயம் தெரியாதவன்னு நீங்க திட்டினப்பல்லாம் அவன் எனக்காக வாங்கிக்கிட்டான்."

கணவர் கரையில் உட்கார்ந்துவிட்டார்.

"இருபத்தஞ்சு வருஷம் அந்த நாற்காலியில இருந்தேனேடி... ஒரு தடவை சொல்லியிருந்தா வாய்க்காலையே சரி பண்ணியிருப்பேனே."

அது அவள் நினைத்தே பார்க்காதது. தியாகம் என்று பொத்திப் பொத்தி வைத்தது, இந்த ஊரின் தாகத்தையும் சேர்த்தல்லவா பொத்தி வைத்திருந்தது! அவள் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு அழுதாள். அவர் எழுந்து வந்து தம்பியின் கையைப் பிடித்து, மடைச்சாவியை அதில் வைத்து மூடினார். கொழுந்தன் அண்ணனின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டான்.

மறுநாள் காலை அவர் தன் கையாலேயே ஒரு மனு எழுதினார். நான் கட்டிய வாய்க்காலின் வாட்டம் தப்பு, அதை இடித்துச் சரியாகக் கட்ட வேண்டும் என்று. தன்னைத் தோற்கடித்த புது உறுப்பினரின் வீட்டு வாசலில், மற்ற மனுக்காரர்களோடு வரிசையில் நின்றார். மனுவில் முதல் கையெழுத்து அவளுடையது, அடுத்தது தம்பியுடையது. மூன்றாவதாகத் தன் பெயரை மட்டும் எழுதியிருந்தார், பதவி எதுவும் போடாமல்.