துண்டுக்குள் ஒரு கை

நாற்றம் கண்மாய்க் கரையையே மூடியிருந்தது. ஆனால் ஓர் ஈயைக் காணோம்.

பலவேசத்துக்கு முதலில் உறுத்தியது அதுதான். கம்பம் பள்ளத்தாக்குச் சந்தைகளில் மாட்டுத் தரகு பார்த்தே நரைத்தவர். சாணம், சீழ், கோமாரி கண்ட மாட்டின் வாய்நுரை எல்லாம் அவர் மூக்குக்குச் சொந்தக்காரர்கள். ஈயே வேண்டாமென்று ஒதுங்குகிற சரக்கை மட்டும் இன்றுவரை கண்டதில்லை.

பெரியாற்றுத் தண்ணீர் திறக்காத மாசம். கூடலூருக்குக் கிழக்கே வறண்ட கண்மாய்க்குள் துரைமார் கம்பெனியின் கப்பல்கள் வரிசையாகக் கிடந்தன. கடலுக்குப் போகிற கப்பல்கள் அல்ல. துரைமார் உள்ளே ஏறிக் கதவைச் சாத்தினால் கப்பல் நின்ற இடம் வெறும் மண்ணாகிவிடும். வேறோர் உலகத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டுச் சில மாதம் கழித்து அதே மண்ணில் வந்து இறங்கும். முதல் தடவை ஊரே திரண்டு கும்பிட்டது. அடுத்த தடவை வடைக்கடை போட்டார்கள்.

இந்தத் தடவை துரைமாரோடு பலவேசத்தின் தம்பி சுருளிவேலும் போயிருந்தான். அந்த உலகத்தவர்களுக்கு வாய்ப்பேச்சு கிடையாதாம், கையைத்தான் நீட்டுவார்களாம். துண்டைப் போட்டு மூடி, அதற்குள் விரலைப் பிடித்தே விலை பேசுகிற தரகனை விட்டால் அதற்குத் தோதான ஆள் ஏது? "வெரலுக்கு ஏதுண்ணே பாஷை?" என்று சிரித்துக்கொண்டே ஏறினான்.

கப்பல்கள் நேற்றே வந்துவிட்டன. ஒருவரும் இறங்கவில்லை.

கரையில் காவல்காரர் ராக்கையா தலைத்துண்டை அவிழ்த்து மூக்கில் கட்டியிருந்தார். பக்கத்தில் சுருளிவேலின் பெண்டாட்டி பஞ்சம்மாள், புருஷனுக்குச் சோறு கொண்டுவந்த தூக்குச்சட்டியோடு நின்றாள்.

"என்னய்யா, கப்பலுக்குச் சீக்கா?" என்றார் பலவேசம்.

"கேலி பேசாதீக தரகரே. தட்டிப் பாத்தாச்சு, தொறக்க மாட்டேங்கறாக."

"துரைமாரு சாப்பிட்டுக்கிட்டு இருக்காகளோ என்னமோ."

"சாப்பிடுற சத்தந்தான் கேக்குது," என்றார் ராக்கையா. அவர் சிரிக்கவில்லை.

"மச்சான், அவுகளக் கூட்டிக்கிட்டுத்தான் வரணும்," என்றாள் பஞ்சம்மாள். "வெறுங்கையோட வந்துராதீக."

பலவேசம் இறங்கினார். மேற்கு மலைக்குப் பின்னால் வெயில் சரிந்து, கப்பல்களின் நிழல் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கண்மாயை நிரப்ப, காலடியில் வெடித்துக் கிடந்த களிமண் நேற்றுவரை கல்லாக இருந்தது இப்போது நெய் பட்டதுபோல் வழுக்க, உள்ளேயிருந்து அசைபோடுகிற சத்தம் நிதானமாக, ஈரமாகக் கேட்டது. போகும்போது கப்பல் இரும்பாகத்தான் போனது. இப்போது ஆணி அடித்த இடமெல்லாம் மயிர் முளைத்திருந்தது. கையை வைத்தார். சூடு. ஈ உட்கார்ந்தால் மாடு தோலைச் சிலிர்க்குமே, அப்படி அந்தப் பக்கச் சுவர் சிலிர்த்தது.

கையை எடுத்துவிட்டுக் கதவைத் தட்டினார்.

"ஏலே சுருளி! வெளிய வாடா!"

கதவு ஒரு சாண் விலகியது. இருட்டிலிருந்து ஒரு பச்சைக்கரைத் துண்டு நீண்டது. தம்பியின் துண்டு. அதன் அடியில் ஒரு கை காத்திருந்தது.

தம்பிதான் விளையாடுகிறான் என்று நினைத்தார். பழகிய கை தானாகத் துண்டுக்குள் போனது.

கன்று போட்ட பசுவின் நஞ்சுக்கொடியைத் தொட்டதுபோல் கொழகொழவென்று இருந்தது. ஐந்தாவது விரலுக்கு அப்புறமும் விரல்கள் இருந்தன. ஒன்றில் துரைமார் போடுகிற மோதிரம், சதைக்குள் புதைந்து. அது அவருடைய விரல்களை ஒவ்வொன்றாகப் பிடித்து அமுக்கியது. விலை கேட்கிறது. தம்பியை விடுவதற்கு விலை கேட்கிறது!

கையை உருவினால் பேரம் முறிந்தது. முழுக் கையையும் இறுக்கினால் முடிந்தது. சந்தையில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

"எம் தம்பிய விட்டுரு. என்ன கேட்டாலும் சரி."

இழுத்துப் பேசாமல் அவர் முடித்த ஒரே பேரம் அது. இறுக்கினார்.

உடனே அவர் உள்ளங்கையில் ஒரு நகம் சுரண்டியது. அண்ணனும் தம்பியும் மட்டும் அறிந்த ரகசியச் சைகை. சீக்கு மாடு, வாங்காதே என்று அர்த்தம். சுரண்டியது வெளியேயிருந்து அல்ல. அந்தக் கையின் சதைக்குள்ளிருந்து. தோலுக்கு அடியில் புரண்டு, முட்டி, அவசரமாக.

வேண்டாம். வேண்டாம். வேண்டாம்.

உருவினார். விடவில்லை.

இருட்டிலிருந்து இன்னொரு கை வந்தது. துண்டில்லாமல். புளித்த பால் வாடை. அது அவர் உதட்டைப் பிரித்தது. நாக்கை ஒதுக்கி அமுக்கிப் பிடித்தது. கடைவாய்வரை போய் ஒவ்வொரு பல்லாகத் தடவியது. அவர் எத்தனையோ மாடுகளுக்குச் செய்ததுதான்.

வாங்குகிறவன்தான் பல்லைப் பார்ப்பான்.

"மச்சான்! அவுக வந்துட்டாகளா?"

பஞ்சம்மாள் கரையிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தாள். கண்மாய் நெடுகக் கதவுகள் சாண் சாணாக விலகின. ஒவ்வொன்றிலும் அதே பச்சைக்கரைத் துண்டு நீண்டது. கத்தப் பார்த்தார். வாய் நிறைய விரல்கள். உள்ளங்கையில் தம்பியின் நகம் ஓயாமல் சுரண்டியது. பக்கத்துக் கப்பலில் நீண்ட பச்சைக்கரைத் துண்டை அடையாளம் கண்டு, முகம் மலர்ந்து, தூக்குச்சட்டியை இடக்கைக்கு மாற்றிக்கொண்டு, அவள் வலக்கையை நீட்டினாள்.