புல்லரித்த ஓசுமா

மூடியைத் தூக்கியதும் குளிர்காற்று உள்ளே புகுந்தது. ஓசுமாவின் மேலிருந்த பாலாடை புல்லரித்தது.

ஓர்வேனா படக்கென்று மூடினாள். ஆற்றில் பனி உடையும் நாளில் வீட்டுக்கு வீடு தின்னும் இனிப்பு அது. பனிமாட்டுப் பாலைச் சுண்டக் காய்ச்சி, தேன் ஊற்றி, போன வருட ஓசுமாவில் எடுத்து வைத்த உறையைக் கலந்து, அடுப்படிக் குழியில் கம்பளி சுற்றி வைத்தால் கத்தியால் கீறும்படி இறுகும். பாலாவது, புல்லரிப்பதாவது என்று தன்னையே திட்டிக்கொண்டு மறுபடி மெல்லத் திறந்தாள். ஆடை முழுக்கப் பொடிப் பொடியாய்ப் புள்ளிகள். தேன் வாசனைக்கு அடியில், நாள்பட்ட நோயாளியின் தலையணையிலிருந்து வருவது போல ஒரு வெதுவெதுப்பான வீச்சம்.

“என்னடி, பேயறைஞ்ச மாதிரி நிக்கிற?” கூடத்திலிருந்து குரல் கொடுத்தாள் துவ்ரி, கணவன் கெல்மோவின் அக்கா. “சீக்கிரம் கொண்டா. எங்கப்பாவப் பாத்து வருஷம் ஒண்ணாச்சு.”

யார் இறந்தாலும் உதட்டில் கடைசியாக நிற்கும் எச்சிலைத் துணியில் ஒற்றி, வீட்டு உறைப் பானையில் பிழிந்துவிடுவார்கள். ஓசுமா தின்னும் நாளில் செத்தவர்கள் ருசியாகத் திரும்பி வருவார்கள். துவ்ரி ஒவ்வொரு வருடமும் கண்ணை மூடி, “அப்பா வந்துட்டாரு, அதே சுருட்டு நாத்தம்” என்று சிரித்துக்கொண்டே அழுவாள். ஓர்வேனாவுக்குப் பிறந்த வீட்டு எச்சில் இனித்தது. புகுந்த வீட்டு எச்சில்தான் முதல் இரண்டு வருடம் தொண்டையில் இறங்க மறுத்தது. பிறகு பழகிவிட்டது.

உறையைக் காப்பது மருமகளின் பொறுப்பு. தினமும் ஒரு கரண்டி பால் ஊற்ற வேண்டும். இந்தக் குளிர்காலத்தில் மகள் பிஹி காய்ச்சலில் கிடந்தபோது ஓர்வேனா அதை அடியோடு மறந்துபோனாள். நினைவு வந்து பார்த்தால் பானையில் பச்சைப் பூஞ்சணம்தான் இருந்தது. மாமனாரும் அவருக்கு முந்தியவர்களும் ஒரேயடியாகப் போய்விட்டார்கள். தெரிந்தால் துவ்ரி பிஹியைப் பிடுங்கிக்கொண்டு இவளைப் பனியில் தள்ளிவிடுவாள். அதனால் சரிவில் அடைபட்டுக் கிடந்த வோஸ்கு வீட்டின் பின்சன்னலை உடைத்து நுழைந்து, அவர்கள் பானையிலிருந்து ஒரு கை அள்ளி வந்தாள். எந்த உறையானால் என்ன, பால் உறைந்தால் சரி என்று நினைத்தாள்.

போன குளிர்காலத்தில் வோஸ்கு வீட்டில் கொப்புள நோய் வந்தது. ஊரே கூடி, உள்ளே ஆள் இருக்கும்போதே கதவிலும் சன்னல்களிலும் பலகை வைத்து அடைத்தது. ஆணி அடித்தவர்களில் கெல்மோவும் ஒருவன். கதறல் ஓய்ந்த பிறகும் யாரும் திறக்கவில்லை. கடைசியாகச் செத்தவரின் உதட்டை ஒற்ற அங்கே யார் இருந்திருப்பார்கள்? யாரும் பால் ஊற்றாத அந்தப் பானை எப்படி விளிம்புவரை நிறைந்திருந்தது? அள்ளும்போது அவள் இதை யோசிக்கவில்லை. இப்போது யோசித்தாள்.

பானையைக் கூடத்தின் நடுவில், கெல்மோவுக்கும் பிஹிக்கும் முன்னால் வைத்தாள். வெளியே ஆற்றுப்பனி விரிசல் விட்டு முனகிக்கொண்டிருந்தது. துவ்ரி ஆடையை விரலால் அமுக்கினாள். அது அமுங்கி, மெல்ல மேலே வந்தது.

“அடியே, கன்னம் மாதிரி இருக்குடி! இந்த வருஷம்தான் உனக்குக் கை வந்திருக்கு.”

ஓரத்தில் ஒரு முடி. யாரும் பார்ப்பதற்குள் எடுத்துவிடலாம் என்று ஓர்வேனா இழுத்தாள். வரவில்லை. முடி வேரோடு நின்றது. அதனோடு ஆடையும் எழும்பி, வெடுக்கென்று சுருங்கியது.

“அம்மா, அதுக்கு வலிக்குதா?” என்றாள் பிஹி.

துவ்ரி கரண்டியில் வெட்டி எடுத்தாள். வெட்டிய இடத்தில் வெளிர்ச் சிவப்பாய் நீர் கசிந்தது. “தேன்தான் ஊறுது,” என்று அவளே சொல்லிக்கொண்டாள். “வாடி செல்லம். சின்னவதான் முதல் வாய்.”

“வேணாம் அண்ணி. அவளுக்கு வயிறு சரியில்ல.”

“ஓசுமா தின்னு வயிறு கெட்டவ இந்த வம்சத்துலயே கிடையாது.”

“நல்ல நாளும் அதுவுமா ஆரம்பிக்காத,” என்று ஓர்வேனாவை அடக்கினான் கெல்மோ.

கரண்டி பிஹியை நோக்கிப் போனது. சொல்லிவிடு. பனியில் தள்ளினால் தள்ளட்டும். சொல்லிவிடு. வாய் வரவில்லை, கைதான் வந்தது. ஓர்வேனா கரண்டியைப் பிடுங்கித் தன் வாயில் போட்டுக்கொண்டாள்.

வெதுவெதுப்பு. உப்பு. சீழ். கொழகொழவென்று நாக்கின்மேல் இன்னொரு நாக்கு. அது அவள் பற்களை உள்ளிருந்து ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தது. துப்ப முயன்றாள். அதுவாகவே தொண்டைக்குள் இறங்கியது.

“பைத்தியமாடி உனக்கு?” துவ்ரி கத்தினாள்.

இது நம்ம உறை இல்லை, யாரும் தொடாதீர்கள் என்று சொல்ல வாயைத் திறந்தாள். வந்தது ஒரு கிழவரின் கரகரத்த குரல்.

“கெல்மோ, கதவத் திறடா தம்பி. புள்ளைங்க பசியில கிடக்குதுடா.”

கெல்மோ சுவரோடு சுவராய் ஒட்டினான். துவ்ரி அசையவில்லை. ஓர்வேனாவின் கை தானாகப் பானைக்குள் போனது. அவள் தடுத்தாள். உடம்பின் பலம் அத்தனையும் திரட்டித் தடுத்தாள். கை கேட்கவில்லை. ஒரு வாய் அள்ளியது. பிஹியின் உதட்டருகே கொண்டுபோனது. காய்ச்சல் நாட்களில் கஞ்சி ஊட்டிய அதே பதமான கை.

“ஆ காட்டு கண்ணு,” என்றது அவள் வாய். இந்த முறை அவளுடைய சொந்தக் குரலில்.

அம்மா சொன்னால் கேட்கிற பிள்ளை. பிஹி, “ஆ” என்றாள்.

பானைக்குள் ஆடை நடுவில் பிளந்து, அதுவும் ஆ காட்டியது.