வியர்க்கும் கல்

காற்று நின்று ஐம்பத்திரண்டு மணி நேரம் ஆகியிருந்தது. கொடியில் ஒரு துணிகூட அசையவில்லை. மொட்டைமாடிகளில் வைத்திருந்த, காற்றை வாங்கி மின்சாரமாகத் தரும் வளிக்கற்கள் வற்றிப்போனதில், தெருவில் ஒவ்வொரு வீடாக இருண்டுவிட்டது. பொழுது சாயும் நேரத்தில் வேலையிலிருந்து திரும்பிய சின்னவள், தன் வீட்டு ஜன்னலில் மட்டும் வெளிச்சத்தைப் பார்த்து நின்றாள்.

"உங்க வீட்டுக்கு மட்டும் தனியா காத்து வருதா, பாப்பா?" என்றார் வாசலில் அட்டையால் விசிறிக்கொண்டிருந்த எதிர்வீட்டுத் தையல்காரர். "எங்க கல்லையும் கொண்டாந்து வைக்கவா? தையல் மிஷினு தூங்குது."

அவள் சிரித்துவைத்தாள். வளிக்கற்களைச் சோதிக்கும் கூடத்தில்தான் அவளுக்கு வேலை. அசையாத காற்றில் கல் நிரம்பாது என்பது அங்கே பெருக்குகிறவருக்குக்கூடத் தெரியும். நுரையீரல் கெட்டுப் படுத்திருக்கும் அப்பாவின் அறைக்காக அவள் கொண்டுவந்து வைத்த கல் நேற்றே வற்றியிருக்க வேண்டும்.

காற்று நின்றதிலிருந்து கூடத்தில் யாரையும் வீட்டுக்கு விடவில்லை. தான் இல்லாத நேரத்தில் அப்பாவுக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்று அடிக்கடி போன் செய்தாள். அக்காவிடமிருந்து வந்தது ஒரே பதில்தான். "மூச்சு சீரா இருக்கு. நீ வேலையப் பாரு."

கதவைத் திறந்ததும் வாடை முகத்தில் ஒட்டியது. நாள்கணக்கில் கொப்பளிக்காத வாயின் வாடை, அதற்கடியில் மாற்றாத பூஜாடித் தண்ணீரின் இனிப்பு. சுவரில் கை பட்டது. பிசுபிசுத்தது. எச்சிலை விழுங்கினாள், ஏன் விழுங்கினோம் என்று இருந்தது.

அப்பாவின் அறையில் ஜன்னல் இடுக்குகளிலெல்லாம் கந்தல் திணித்திருந்தது. கட்டிலருகே அக்கா முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள். மேலே பல்பு மெல்லப் பிரகாசமாகி, மெல்ல மங்கி, மறுபடி பிரகாசமானது. எந்த ஓட்டத்தில் காற்றை வாங்குகிறதோ அதே ஓட்டத்தில்தான் வளிக்கல் திருப்பித் தரும். கடற்காற்றில் நிரப்பிய கல் விளக்கை அலையலையாக எரிக்கும். இது அலை இல்லை. இழுத்து, நிறுத்தி, விடுகிற ஓட்டம்.

"ஏன்க்கா எல்லாத்தையும் அடைச்சு வெச்சிருக்க?"

"வெளிக்காத்து பட்டா குழம்பிடும்." அக்கா திரும்பினாள். உதடுகள் வீங்கி வெடித்திருந்தன. வெடிப்புகளில் கருந்தூள்.

"டாக்டர் வந்தாரா?"

"எதுக்கு? அதான் சீரா இருக்கே."

போர்வை அப்பாவின் மூக்குவரை மூடியிருந்தது. அதன் கீழே நெஞ்சு ஏறியது, இறங்கியது. ஏறியது. அந்த ஒரு நொடி அவளுக்கு அழுகையே வந்துவிட்டது. அப்பா இருக்கிறார். பிறகுதான் போர்வைக்குள்ளிருந்து பல்புக்கு ஏறும் இரண்டு கம்பிகளைப் பார்த்தாள்.

போர்வையை விலக்கினாள்.

அந்தக் கருத்த கல் அப்பாவின் வாய்க்குள் இருந்தது. உதடுகள் அதைச் சுற்றி விரிந்து வெளுத்திருந்தன. கல் வியர்த்துக்கொண்டிருந்தது, நிரம்பிய கல் அப்படித்தான் வியர்க்கும். நெஞ்சு இறங்கும்போதெல்லாம் வாயோரத்தில் மஞ்சள் நுரை பொங்கி, உடைந்து, தாடையில் வழிந்தது. அதில் ஒரு ஈ உட்கார்ந்து கால்களைத் தேய்த்துக்கொண்டது.

குடிக்கிறது. அப்பாவின் மூச்சைக் குடித்துத்தான் இந்தக் கல் நிரம்புகிறது.

"கைய வைக்காதடி! எடுக்காத!"

அக்காவைத் தள்ளிவிட்டுப் பிடித்து இழுத்தாள். வழுக்கியது. மறுபடி இழுத்தாள். உறிஞ்சும் ஓசையோடு கல் வந்தது. கூடவே கீழுதட்டிலிருந்து மெல்லிய தோல் ஒன்றும். அப்பாவின் வாயிலிருந்து நீண்ட வெதுவெதுப்பான காற்று புறப்பட்டு அவள் முகத்தில் மோதி, திறந்திருந்த வாய்க்குள் புகுந்தது. இனித்தது. துப்பினாள். நாக்கைச் சட்டைக் கையால் தேய்த்தாள். மறுபடி துப்பினாள்.

நெஞ்சு இறங்கியது. ஏறவில்லை.

"அப்பா?"

ஏறவில்லை.

ஆனால் மூச்சுச் சத்தம் நிற்கவில்லை. கட்டிலில் இல்லை. அவள் கையில்.

உள்ளங்கைத் தோலைக் கல் மெதுவாக உள்ளே இழுத்தது. விட்டது. இழுத்தது. ஈரமாக. வெதுவெதுப்பாக. கம்பிகளின் முனையில் பல்பு பிரகாசமானது. மங்கியது.

"நான்தான்க்கா... நான் எடுத்ததாலதான் அப்பா..."

அக்கா கல்லையே பார்த்துக்கொண்டிருந்தாள். வெடித்த உதடுகளைப் புறங்கையால் துடைத்துக்கொண்டாள்.

"நீ ஒண்ணும் பண்ணலடி. நீ வேலைக்குப் போன அன்னைக்கே அப்பா செத்துட்டார். மனசு கேக்கல. நான்தான் கல்லை அவர் வாயில வெச்சு ஊதிக்கிட்டே இருந்தேன்."

கல் இழுத்தது. விட்டது.

"நேத்துலேர்ந்து நான் ஊதல."