குனியாத தலைக்குப் பூ

"ஏய்... ஏம்மே! இன்னா பண்ணிகினுகீற? அது என் ஐசு!"

கூச்சல் காதில் விழுந்தது. ஆனால் மகிழினி கையை எடுக்கவே இல்லை. திருவொற்றியூர் நெடுஞ்சாலை சிக்னலில் நின்றிருந்த குட்டியானை லோடு வண்டியின் பின்னால் போய், ஈரச் சாக்கை விலக்கி, உடைந்து கிடந்த ஐஸ்கட்டி ஒன்றைத் துண்டில் சுற்றிப் பிடரியில் வைத்து அழுத்திக்கொண்டு கண்ணை மூடி நின்றாள். அப்பாடா... இப்போதுதான் உயிர் வந்தது.

வண்டியிலிருந்து குதித்து வந்தவன் அவளை மேலும் கீழும் பார்த்தான். கறுத்த முகம், கலைந்த தலை, கோபப்படும்போதும் சிரிக்கிற கண்கள்... அந்தக் கண்கள் மட்டும் இல்லாதிருந்தால் அவள் ஒழுங்காக மன்னிப்புக் கேட்டுவிட்டுப் போயிருப்பாள்.

"ஒரு துண்டு ஐசுக்கு இவ்ளோ சவுண்டா? வண்டில 'கன்னியம்மா'ன்னு எழுதிக்கீதே... நீதான் கன்னியம்மாவா?"

"அது எங்கம்மா பேரு! நான் திலீப்பு."

"அப்ப உங்கம்மாவுக்கு தாங்க்ஸ் சொல்லிடு."

சொல்லும்போதே தோளிலிருந்து கைப்பை நழுவித் தார்ச்சாலையில் விழுந்தது. அவள் பையைப் பார்க்கவில்லை. அவனைத்தான் பார்த்தாள்.

"அத்தக் கொஞ்சம் எடுத்துக் குடேன்."

"இன்னாது? ஐச லவட்டினது நீ, பையத் தூக்கறது நானா? குனிஞ்சா மகாராணிக்கு கிரீடம் உயுந்துடுமோ?"

"நான் குனிய மாட்டேன்."

முகவாயை நிமிர்த்திக்கொண்டு சொன்னாள். பின்னால் கண்டெய்னர் லாரிகள் ஹாரனைப் பிய்த்து உதறின. திலீப் முணுமுணுத்துக்கொண்டே பையை எடுத்து நீட்டினான். வண்டி கிளம்பிய பிறகும் பக்கக் கண்ணாடியில் அந்தக் கண்கள் அவளையே பார்த்துக்கொண்டு போயின... அவளும்தான் பார்த்தாள். ஏன் பொய் சொல்ல வேண்டும்?

ஐஸ் அவளுக்கு ஆசையில்லை, மருந்து. இரண்டு வருஷத்துக்கு முன் ஒரு காய்ச்சல் வந்து போனது. போன கையோடு ஒரு காலையில், கட்டிலிலிருந்து இறங்கப் பார்த்தால் கால்கள் வரவில்லை. வலது கண்ணில் பனி. மூளையிலும் தண்டுவடத்திலும் அழற்சி என்றார் டாக்டர். "நரம்புக்கு மேல ஒயருக்கு இருக்கற மாதிரி ஒரு உறை இருக்கும்மா. உன் உடம்புக்குக் காவல் இருக்கிறவங்களே ஆள் தெரியாம அதை அடிச்சுட்டாங்க" என்று அவளுக்குப் புரிகிறபடி சொன்னார். அவள் மருந்தில் கிடந்து எழுந்தாள். காத்திவாக்கத்து வீட்டில் அப்பா படகுக் கயிற்றைச் சுவருக்குச் சுவர் ஆணியடித்துக் கட்டிக்கொடுத்தார். கயிற்றைப் பிடித்து நின்றாள், விழுந்தாள், திட்டினாள், நடந்தாள். இப்போது காசிமேட்டில் ஜாபர் பாயின் படகுச் சாமான் கடையில் வேலை. போக வர பஸ்தான்.

ஆனால் இரண்டு மட்டும் மிச்சம். வெயில் ஏறினால் கண் மங்கும், முட்டி தளரும். தலையைக் குனிந்தால் பிடரியிலிருந்து கால் கட்டைவிரல் வரை சுரீரென்று கரண்ட் அடிக்கும். பழைய தழும்புதான், பயமில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

பயமெல்லாம் அம்மா தங்கபுஷ்பத்துக்குத்தான். போன வருஷம் பெண் பார்க்க வந்த ஒரு கூட்டம் விஷயம் தெரிந்ததும் "ஒட்டிக்குமா?" என்று கேட்டது. கொடுத்த காபியைத் தொடாமலே எழுந்து போனது. அன்றிலிருந்து அம்மாவின் கட்டளை ஒன்றுதான்... மூச்சு விடக் கூடாது.

மறுநாளே ஜாபர் பாய் கடை வாசலில் குட்டியானை வந்து நின்றால் யார் என்ன செய்ய முடியும்? படகுகளுக்கு ஐஸ் இறக்க வந்தவனுக்கு நைலான் கயிறு வேண்டுமாம்.

"அடக் கடவுளே... ஐஸ் திருடி!"

"வா கன்னியம்மா."

ஜாபர் பாய் தாடிக்குள் சிரித்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அதற்குப் பிறகு திலீப்புக்குத் தினமும் ஏதோ ஒன்று வேண்டியிருந்தது. ஒரு நாள் கொக்கி, ஒரு நாள் போல்ட்டு. எதுவுமே தேவைப்படாத நாளில் ஒரு டம்ளர் ஐஸ்கட்டியோடு வந்து கல்லாமேல் வைத்தான்.

"இன்னா, ஐஸ் வைக்கறியா?"

"ஆமாமே. உருகுதான்னு பாக்கறேன்."

உருகத்தான் செய்தது. அவன் வண்டிச் சத்தம் கேட்டால் மற்ற வண்டிச் சத்தமெல்லாம் அடங்கிப்போனது அவளுக்கு. இவனிடம் சொல்லிவிட வேண்டும்... சொன்னால் இவனும் காபியைத் தொடாமல் போய்விடுவானோ? நாளைக்கு, நாளைக்கு என்று தள்ளினாள்.

ஒரு நாள் அவன்தான் கெடுத்தான். பச்சைப் புடவை அவளுக்குச் சோக்காக இருக்கிறது என்றான். அவள் நேருக்கு நேர் பார்த்து "தெரியும்" என்றாள்.

"உனுக்கு வெட்கமே வராதாமே? ஒரு தபா தல குனிஞ்சா இன்னா கொறஞ்சா பூடுவ? திமிரு... அத்தினியும் திமிரு!"

விளையாட்டாகத்தான் சொன்னான். அவளுக்குச் சுருக்கென்று தைத்துவிட்டது.

"குனியற தல வோணும்னா வேற கடையப் பாரு."

அவன் முகம் சுண்டிப்போனது. மறுநாள் வரவில்லை, அதற்கு மறுநாளும் வரவில்லை. காலி டம்ளர் கல்லாமேல் உட்கார்ந்து அவளைப் பரிகாசம் செய்தது. போகட்டுமே... எனக்கென்ன வந்தது? என்று சொல்லிக்கொண்டே கழுவிய டம்ளரையே திரும்பத் திரும்பக் கழுவினாள்.

அப்புறம் கோடை மழை கொட்டியது. ராயபுரம் பக்கமிருந்து சாலையெல்லாம் ஆறு. அந்த மழையில் நனைந்து, இமையில் சொட்டும் நீரோடு, கையில் டம்ளருடன் வந்து நின்றான் திலீப்.

"மழைல எதுக்குடா ஐசு?"

"ஐசு எதுக்குன்னு உனுக்குத் தெரியாதா?" டம்ளரைக் கல்லாமேல் வைத்தான். "அன்னிக்குப் பேசினது தப்புமே. உன்ன பாக்காம செம பேஜாராப் பூச்சு. வெள்ளிக்கெயம எங்கம்மா உங்க வூட்டுக்கு வராங்க... வரட்டா?"

"திலீப்பு... உங்கையில ஒண்ணு சொல்லணும்..."

"சொல்லு."

அம்மாவின் கெஞ்சும் முகம் கண்ணில் வந்து நின்றது. "ஒண்ணுமில்ல... வாங்க."

வெள்ளிக்கிழமை காலையில் தங்கபுஷ்பம் முதல் வேலையாகச் சுவரிலிருந்த கயிற்றை அவிழ்த்துக் கட்டிலுக்கடியில் தள்ளினாள்.

"அவங்கம்மா பூ வைக்க வருவாங்க. பல்லக் கடிச்சுகினு ஒரே ஒரு தபா குனிஞ்சுடு கண்ணு. மத்தத அப்பால பாத்துக்கலாம்."

அந்தப் பக்கத்து வழக்கம் அதுதான். நின்று தலை குனியும் பெண்ணுக்கு மாப்பிள்ளையின் தாய் பூ வைத்துவிட்டால் பேச்சு முடிந்தது. அதற்குமேல் யாரும் பின்வாங்க மாட்டார்கள்.

கன்னியம்மா வந்தாள். மீன் கூடை சுமந்த உறுதியான கழுத்து, வாய் நிறைய வெற்றிலை, ஆள் மட்டும் குட்டை. கையில் மல்லிகையும் கனகாம்பரமும் சேர்த்துக் கட்டிய சரம். மகிழினியின் தோளுயரம்கூட இல்லை அவள்.

"மூக்கும் முயியுமா நல்லாத்தான் கீறா என் மருமவ. எங்க, தலயக் கொஞ்சம் குனிம்மா."

ஒரு நொடி வேலை. ஒரு சுரீர். பொறுத்துக்கொண்டால் போதும், திலீப் அவளுக்குத்தான். மகிழினி அவனைப் பார்த்தாள். மழையில் நனைந்து வந்த அதே கண்கள்... இந்தக் கண்களை ஏமாற்றியா குடித்தனம் நடத்துவது?

"குனிய மாட்டேன் அத்தை."

கன்னியம்மாவின் கை அந்தரத்தில் நின்றது. "இன்னா சொல்ற?"

"குனிஞ்சா எனக்கு முதுகுல கரண்ட் அடிக்கும். அந்தச் சுவத்துல கீற ஆணியப் பாருங்க. எங்கப்பா கயிறு கட்னாரு, அத்தப் புடிச்சுதான் நடக்கக் கத்துகினேன்." ஒன்றுவிடாமல் சொன்னாள். காய்ச்சல், வராத கால்கள், மூளையிலும் தண்டுவடத்திலும் வந்த அழற்சி, எல்லாம். "யாருக்கும் ஒட்டிக்காது. திரும்ப வராதுன்னு டாக்டர் நம்பறாரு, ஆனா சத்தியம் பண்ணித் தரல. இத்தெல்லாம் தெரிஞ்சு வைக்கறதுன்னா பூவ வைங்க."

தங்கபுஷ்பம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்போது திலீப் விருட்டென்று எழுந்தான். வாசலைத் தாண்டி வெளியே போய்விட்டான்.

மகிழினி அழவில்லை. போனால் போகட்டும்... நான் நின்றுகொண்டிருக்கிறேன். அதுவே எனக்குப் பெரிசு.

தடாலென்று சத்தம். திலீப் திரும்பி வந்திருந்தான். வண்டியிலிருந்து தூக்கிவந்த பிளாஸ்டிக் மீன் பெட்டியை அவள் காலடியில் கவிழ்த்துப் போட்டான். வஞ்சிர வாடை வீடெங்கும் பரவியது.

"யம்மா... நீதான் குட்ட. ஏறு."

கன்னியம்மா பெட்டியைப் பார்த்தாள், மகனைப் பார்த்தாள். ஆணிகள் வரிசையாகப் போகும் சுவரை வெகுநேரம் பார்த்தாள். பிறகு புடவையை இடுப்பில் சொருகினாள்.

"கயித்தப் புடிச்சு நடந்து வந்த பொண்ணு. இவளுக்கு நான் ஒரு பொட்டி ஏற மாட்டனா?" என்றவள் பெட்டிமேல் ஒரு காலை வைத்துத் தடுமாறினாள். "ஏ கண்ணு, உன் தோளப் புடிச்சுக்கட்டா? என் வெய்ட்டு தாங்குவியா?"

"தாங்குவேன் அத்தை."

கனத்த அந்தக் கை தோளில் ஊன்றியது. முழுப் பாரமும் இறங்கியது. ஒரு காலத்தில் அவளையே தூக்க மறுத்த கால்கள் இப்போது அசையாமல் நின்றன. நிமிர்ந்தே இருந்த அவள் தலையில் பூ ஏறியது. தங்கபுஷ்பம் இப்போது வாயைப் பொத்தவில்லை, ஓவென்று அழுதாள். சந்தோஷத்தில்தான்.

பெரியவர்கள் காபி குடித்தார்கள், கடைசிச் சொட்டு வரை. வாசலில் வண்டிப் பக்கம் திலீப் நின்றிருந்தான்.

"திமிருன்னு சொன்னேனே... எனக்கே அசிங்கமாகீது. இனிமே வெட்கப்படறது, தல குனியறது, எல்லாம் நான் பாத்துக்கறேன். நீ அப்டியே நில்லு. அது போதும்."

மகிழினி சிரித்தாள். கண்ணோடு கண் வைத்து, தெருவே கேட்கட்டும் என்று சொன்னாள்.

"எனக்கு உன்ன ரொம்பப் புடிச்சுக்கீது திலீப்பு. ஐச எடுத்தனே... அன்னிலேர்ந்து."

காது மடல் வரை சிவந்துபோய், கால்விரலால் தரையைக் கீறிக்கொண்டு, திலீப் தலை குனிந்தான்.