தம்பியின் இதயம்

திரையில் அந்த இதயம் ஒரு துடிப்பைத் தவறவிட்டது. தவறவிட வழியே இல்லை. கம்ப்யூட்டரில் ஒரே ஒரு துடிப்பை உருவாக்கி, அதையேதான் திரும்பத் திரும்ப ஓடவிட்டிருந்தாள் அவள். பள்ளிப் பிள்ளைகளுக்கு உடம்பைப் புரியவைக்கும் படம் அது. அவள் செய்த இதயம் பிளாஸ்டிக் பொம்மை மாதிரி இருக்கிறதென்று இயக்குநர் மூன்று முறை திருப்பி அனுப்பவே, தம்பி போன வருடம் எடுத்த ஸ்கேனைக் கேட்டு வாங்கி, அதிலிருந்து இதைச் செய்திருந்தாள். "என் இதயத்தை வச்சு நீ பேர் வாங்கிக்கோ" என்று கிண்டலடித்துவிட்டுத்தான் கொடுத்தான்.

அவன் இப்போது கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம், ஒலிப்பதிவு அறையில், அதே படத்துக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தான். ஏசியின் முனகல், சூடேறிய கம்ப்யூட்டரின் வாடை, ஹெட்போனில் தம்பியின் குரல், திரையில் ஈரமாகச் சுருங்கி விரியும் அந்தச் சதை, எல்லாம் சேர்ந்து காலையிலிருந்தே அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. துடிப்பு தவறிய நொடியில் அவன் குரலும் அறுந்து, பிறகு தொடர்ந்தது.

தற்செயல்தான் என்று சொல்லிக்கொண்டாள். மனசு கேட்கவில்லை. ஓட்டத்தின் வேகத்தைப் பாதியாகக் குறைத்தாள். அவன் குரல் இழுபட்டது. தலை மெல்லச் சாய்ந்தது. பதறிப்போய்ப் பழைய வேகத்துக்கு மாற்றினாள்.

"அக்கா, தலை சுத்துது" என்றான் மைக்கில். "காலைல சாப்பிடாததாலயா?"

"எழுந்திருக்காதே. அப்படியே உட்காரு. பாட்டில்ல தண்ணி இருக்கு, குடி."

இந்த இதயத்தையே அழித்துவிடலாமா? அழித்தால் அவன் என்ன ஆவான்? விரல்களை மடக்கி மடியில் வைத்துக்கொண்டாள். ஓடட்டும். ஓடிக்கொண்டே இருந்தால் போதும்.

கதவைத் தள்ளிக்கொண்டு இயக்குநர் வந்தார். "அடடே, இப்பத்தான் உயிர் வந்திருக்கு!"

"சார், தொடாதீங்க."

"ஏம்மா, கடிச்சிடுமா?" எட்டி ஒரு பட்டனை அழுத்தினார்.

இதயம் நின்றது.

ஹெட்போனில் சத்தமில்லை. தம்பியின் வாய் பாதிச் சொல்லில் திறந்தபடி இருந்தது. பாட்டிலைத் தூக்கிய கை அந்தரத்தில். தண்ணீர் மட்டும் சட்டையில் வழிந்துகொண்டிருந்தது.

"ஓடவிடுங்க சார்! என் தம்பி!"

"தம்பியோடதுதான், தெரியும்மா." கண்ணாடிக்கு முதுகைக் காட்டி நின்றவர், கீபோர்டை நோக்கிப் பாய்ந்த அவள் கையைச் சிரித்தபடி விலக்கினார். "நிறுத்தித் திறந்து காட்டினாத்தானே பிள்ளைங்களுக்குப் புரியும்?"

இதயத்தைப் பிளந்து உள்ளே காட்டுவதற்கென்று அவளே அமைத்துக் கொடுத்த பட்டன். அதை அழுத்தினார்.

திரையில் மேலிருந்து கீழாக ஒரு கோடு இறங்கியது.

கண்ணாடிக்கு அப்பால் தம்பியின் கண்கள் மட்டும் அசைந்தன. அக்காவைத் தேடிப் பிடித்தன.

"பாரு, எவ்வளவு தெளிவா இருக்கு" என்றார் இயக்குநர்.

ஈரச் சட்டையில், கழுத்துக்குச் சற்றுக் கீழே, சிவப்பாக ஒரு கோடு தொடங்கியது. ஸ்கேல் வைத்துப் போட்டது போல நேராக, அவசரமில்லாமல், அது கீழே இறங்கிக்கொண்டிருந்தது.