ஒரு நிமிட அமைதி

படத்தை நிறுத்தினால் சத்தமும் நிற்க வேண்டும். அவள் விசையைத் தட்டினாள். திரையில், கரடி என்று கூப்பிடப்படும் அந்த மனிதரின் தாடி பாதிப் பேச்சில் அப்படியே நின்றது. ஸ்பீக்கரிலிருந்து வந்துகொண்டிருந்த நிலவறையின் அமைதி மட்டும் நிற்கவில்லை.

அமைதி எப்படி ஸ்பீக்கரில் வரும் என்று கேட்கலாம். வரும். ஒவ்வோர் அறைக்கும் தனக்கென்று ஓர் அமைதி உண்டு. ஆளில்லாத வகுப்பறையின் அமைதி வேறு, பூட்டிய கடையின் அமைதி வேறு. அதனால்தான் சினிமாக்காரர்கள் ஓரிடத்தில் படப்பிடிப்பு முடிந்ததும் எல்லாரையும் அசையாமல் நிற்கச் சொல்லிவிட்டு, யாரும் பேசாத அந்த இடத்தை ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்வார்கள். ரூம் டோன் என்று அதற்குப் பெயர். பேச்சை வெட்டி ஒட்டும்போது நடுவில் விழும் ஓட்டைகளை அதை வைத்துத்தான் அடைப்பார்கள். இப்போது கேட்டுக்கொண்டிருப்பதும் அதுதான். ஈரச் சுவருக்குள் எங்கோ ஓடும் குழாய், அதிலிருந்து இடைவெளி விட்டு விழும் சொட்டு, சொட்டுக்கு அடியில் கனத்துக் கிடக்கும் காற்று.

மறுபடி தட்டினாள். எடிட்டிங் மென்பொருளையே மூடினாள். சொட்டு விழுந்தது.

"டேய், உன் ஸ்பீக்கருக்கு என்ன கேடு?"

தம்பி தரையில் கால் நீட்டி உட்கார்ந்து ஃபோனை நோண்டிக்கொண்டிருந்தான். அவளுடைய படங்களுக்கு அவன்தான் ஒலிப்பதிவாளன், டிரைவர், சமயத்தில் சமையல்காரன். தொலைக்காட்சி நிறுவனத்தில் நல்ல வேலையில் இருந்தவனை இவள்தான் பேசிப் பேசி இழுத்துவந்தாள். அம்மாவுக்கு அந்தக் கோபம் இன்னும் ஆறவில்லை. "நீ எந்தக் குழியில வேணா போய் விழு. அவனைக் கூட்டிட்டுப் போனா பத்திரமாக் கொண்டுவந்து விடு" என்று ஒவ்வொரு படப்பிடிப்புக்கும் வாசல் வரை வந்து சொல்வாள்.

அவன் சோம்பலாக எழுந்து வந்து ஸ்பீக்கரின் ஒயரைப் பிடுங்கினான். பிடுங்கிய ஒயரைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றான். சத்தம் ஸ்பீக்கரிலிருந்து வரவில்லை.

வீட்டின் பின்பக்கம் சாமான் அறையாக இருந்ததைத்தான் எடிட்டிங் அறையாக மாற்றியிருந்தார்கள். ஜன்னல் கிடையாது. சுவரெல்லாம் கறுப்பு ஸ்பாஞ்ச், கதவு கனமானது. அப்படியும் வெளிச்சத்தம் கொஞ்சம் கசியும். பக்கத்து வீட்டு மோட்டார், தெருவில் ஹாரன், ஹாலில் அம்மா சாப்பிட்ட கையோடு வைக்கும் சீரியல். பகல் பொழுதில் இந்த அறை ஒரு நாளும் முழுசாக ஓய்ந்ததில்லை. இப்போது அவற்றில் ஒன்றுகூட இல்லை. ஏசி ஓடுகிறது, அதன் வாயிலுள்ள தகடுகள் அசைகின்றன, குளிர் மேலே படுகிறது. அதன் இரைச்சல் மட்டும் இல்லை. அறைக்குள் ஈரச் சுண்ணாம்பும் பழைய அச்சு மையும் கலந்த வாசனை வர ஆரம்பித்திருந்தது. அந்த வாசனை அவளுக்கு நன்றாகத் தெரியும்.

அந்த நிலவறை, மூடிக் கிடந்த ஓர் அச்சகத்துக்குக் கீழே இருந்தது. கரடி என்று எல்லாரும் கூப்பிடுகிற அந்த மனிதரும் அவருடைய குழுவினர் இருவரும் அங்கேதான் கச்சேரி செய்வார்கள். விளம்பரம் கிடையாது, டிக்கெட் கிடையாது, தெரிந்தவர் சொல்லித் தெரிந்தவர் வர வேண்டும். கரித்துண்டால் தரையில் வட்டம், முகத்தில் சாம்பல், மெழுகுவத்தி, அடிவயிற்றைக் கலக்கும் கிட்டார். பார்த்தால் பிணத்தை எழுப்பப் போகிறவர்கள் மாதிரி இருக்கும். பகலில் கரடி இன்ஷூரன்ஸ் ஏஜென்ட். மற்ற இருவரில் ஒருவர் பல் ஆஸ்பத்திரியில் டோக்கன் கொடுக்கிற பெண். இந்த மாதிரி ஆட்கள் என்றால் அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே கொள்ளை ஆசை. இருட்டில் கூடி, ஊருக்குத் தெரியாமல் பாடி, எதையோ கூப்பிடுகிறவர்கள் எங்கே இருந்தாலும் கேமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவாள். நம்பிக்கையா என்று கேட்டால் சிரிப்பாள். பிரேமில் நன்றாக இருக்கும், அவ்வளவுதான் என்பாள்.

அவர்களிடம் ஒரு பழக்கம் இருந்தது. அந்த அறைக்குள் இருக்கும்வரை யாராவது ஒருவர் வாய்மூடி, ம்ம்ம் என்று சுருதி பிடித்துக்கொண்டே இருப்பார். அவருக்கு மூச்சு முட்டும் முன்பே அடுத்தவர் எடுத்துக்கொள்வார். எல்லாரும் மேலே ஏறிய பிறகு, கடைசி ஆள் சுருதியோடு படியேறி, கதவைச் சாத்தித் தாழ் போட்ட பிறகுதான் வாயை விடுவார். டேப்பில் போட்டுவிட்டு நிம்மதியாக இருக்கலாமே என்று அவள் ஒருமுறை கிண்டலாகக் கேட்டாள். கரடி பாலிசி விளக்குகிற அதே பொறுமையோடு, டேப்பெல்லாம் அதற்கு ஒரு பொருட்டில்லை, மூச்சுள்ள சத்தமாக இருக்க வேண்டும் என்றார். அந்த 'அதற்கு' அவளுக்கு ரொம்பப் பிடித்துப்போனது. படத்தில் வைத்துக்கொண்டாள்.

கடைசி நாள் ரூம் டோன் எடுக்க ஒரு நிமிடம் எல்லாரும் அமைதியாக இருக்க வேண்டும் என்று கேட்டபோது, கரடி முடியவே முடியாது என்றுவிட்டார். அவள் மேற்கொண்டு பேசவில்லை. நீங்கள் டீ குடிக்கப் போங்கள், நாங்கள் ஒயரைச் சுருட்டிக்கொண்டு சுருதியோடு வந்துவிடுகிறோம் என்று அனுப்பிவைத்தாள். தம்பிதான் சுருதி பிடித்துக்கொண்டிருந்தான். அவர்கள் காலடி மேலே போனதும், அவள் அவனைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தாள். அவன் தலையாட்டி மறுத்தான். அவள் முறைத்தாள். அக்கா முறைத்தால் தம்பி என்ன செய்வான், நிறுத்தினான்.

ஒரு நிமிடம். ஒன்றும் நடக்கவில்லை. பதிவின் கடைசியில் மட்டும் தரையில் ஏதோ லேசாக இழுபட்ட மாதிரி ஒரு சரசரப்பு. தம்பி அதைக் காட்டிக் கேட்டபோது, உன் காலாகத்தான் இருக்கும் என்று அவள் அடித்துச் சொல்லிவிட்டாள்.

இப்போது, அவள் நாற்காலிக்குப் பின்னால், ஸ்பாஞ்ச் ஒட்டிய மூலையில், அதே சரசரப்பு கேட்டது.

அங்கே ஒன்றும் இல்லை. மைக் ஸ்டாண்டும் அட்டைப்பெட்டியும்தான். இருவரும் அந்த மூலையையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். சொட்டு விழுந்தது. பிறகு மறுபடி. வெறும் பாதத்தைத் தூக்காமல் சிமென்ட் தரையில் ஓர் அடி முன்னால் இழுத்து வைக்கிற சத்தம். இந்த அறையின் தரையில் தடிமனான கம்பளம் விரித்திருந்தது.

ஃபோனை எடுத்தாள். கரடி உடனே எடுத்தார். படம் நாளைக்குத் திரைப்பட விழாவுக்குப் போகிறது என்று அவருக்குத் தெரியும். வாழ்த்தத்தான் கூப்பிடுகிறாள் என்று நினைத்திருப்பார், குரலில் அவ்வளவு சந்தோஷம். அன்றைக்கு நிலவறையில் சுருதியை நிறுத்தியதை அவள் சொன்னாள். சொல்லச் சொல்ல அந்தப் பக்கம் சந்தோஷம் வடிந்துபோவது தெரிந்தது.

"எவ்வளவு நேரம் மேடம் நிறுத்தி வச்சீங்க?"

"ஒரு நிமிஷம்தான் சார்."

"ஒரு நிமிஷம்னா ஓர் அடி எடுத்து வச்சிருக்கும். பரவாயில்ல. அந்த ரூமுக்குள்ளதான இருக்கு."

அந்த ஒரு நிமிடத்தை அவள் சும்மா வைத்திருக்கவில்லை. எல்லாரும் செய்வதுதான். நகலெடுத்து, அடுத்தடுத்து ஒட்டி, படம் முழுக்க அடியில் விரித்துவிட்டிருந்தாள். எத்தனை வாரமாக அந்தப் படத்தை இந்த அறையில் திரும்பத் திரும்ப ஓட்டியிருக்கிறாள். ஒவ்வொரு நிமிடத்தின் கடைசியிலும் ஓர் அடி. அதையும், இப்போது இந்த மூலையில் கேட்பதையும் சொன்னாள்.

அந்தப் பக்கம் அவர் யாரிடமோ வண்டியை எடுக்கச் சொல்வது கேட்டது.

"தம்பி பக்கத்துல இருக்காரா?"

"இருக்கான்."

"ரெண்டு பேரும் மாத்தி மாத்திச் சுருதி பிடிங்க. நாங்க கிளம்பிட்டோம். நாங்க வர்ற வரைக்கும் விட்டுடாதீங்க மேடம். சத்தம் இருந்தா அது நின்னுடும். அது ஒண்ணுதான் எங்களுக்குத் தெரியும்."

மேலும் ஏதோ கேட்க வாயெடுத்தாள். ஃபோனுக்குள்ளும் சொட்டு விழுந்தது.

தம்பி கதவில் காதை வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தான். கைப்பிடியில் கை இருந்தது, திருப்பவில்லை. அம்மா, ஹால், டிவி, வாசல், வெயில் எல்லாம் அந்தக் கதவுக்கு அப்பால் கைக்கெட்டுகிற தூரத்தில்தான். அவன் மெல்லப் பின்னால் நகர்ந்தான்.

"அக்கா, அந்தப் பக்கம் ஹால் இல்ல."

"என்னடா உளர்ற?"

"குழாய் ஓடுது. அதே குழாய். எதிரொலி வருது. பெரிய இடம்க்கா. திறக்காத."

அவளும் காதை வைத்தாள். கதவு ஈரமாக இருந்தது. அம்மா என்று கத்தினாள். குரல் பலகையைத் தாண்டி, படியில் உருண்டு, எங்கேயோ கீழே போய் விழுந்தது. கத்தி முடித்த கணத்தில் மூலையிலிருந்து அடி நகர்ந்தது. இந்தத் தடவை அட்டைப்பெட்டிக்கு இந்தப் பக்கம்.

தம்பி வாயை மூடிச் சுருதி பிடித்தான்.

ம்ம்ம். சாதாரண, கொஞ்சம் நடுங்குகிற, ஜலதோஷம் பிடித்த குரல். அடி நின்றது. அவ்வளவு எளிதாக நின்றது. அவளுக்கு அழுகை வந்துவிட்டது. இவனை இந்த அறைக்குள் கொண்டுவந்தது அவள். அங்கே நிறுத்தச் சொன்னது அவள். நாளை விழா, கைதட்டல், பரிசு எல்லாம் எக்கேடோ கெட்டுப் போகட்டும். இவனை அந்தக் கதவு வழியாக அம்மாவிடம் கொண்டுபோய் விட்டால் போதும். அவன் மூச்சு தளர்வதைக் கேட்டு அவள் எடுத்துக்கொண்டாள். அவள் தளரும்போது அவன். கரடி குழு எத்தனை வருடமாக இதைச் செய்கிறது என்று நினைத்தபோது, கிண்டல் செய்ததற்கெல்லாம் காலில் விழலாம் போலிருந்தது.

முதுகோடு முதுகு சாய்த்து கம்பளத்தில் உட்கார்ந்தார்கள். அவன் மூலையைப் பார்த்து. அவள் கதவைப் பார்த்து. இடையில் ஒருமுறை, எழுந்து ஸ்பீக்கர் ஒயரைத் திரும்பச் செருகி, பழைய கச்சேரிப் பதிவைக் கணினியில் முழுச் சத்தத்தில் ஓட்டிப் பார்த்தாள். கொஞ்சம் ஓய்வு கிடைக்குமே என்று. இருவரும் வாயை விட்டார்கள். அத்தனை கிட்டாருக்கும் அடியில் அடி நகர்ந்தது. தெளிவாக. அவசரமே இல்லாமல். பாய்ந்து இருவரும் ஒரே நேரத்தில் ம்ம்ம் என்றார்கள். அதற்குப் பிறகு அந்தப் பக்கம் போகவில்லை.

நேரம் போனதா தெரியவில்லை. கணினித் திரை அணைந்துவிட்டது. சுவரில் சின்ன மஞ்சள் விளக்கு மட்டும். தொண்டை மரத்துக் கட்டையானது. சுருதி இறங்கிக்கொண்டே போனது. கரடி வரவில்லை. வந்தாலும் எந்தக் கதவைத் தட்டுவார்? அந்த நினைப்பை அவள் மேலே வளர விடவில்லை.

தம்பியின் முறை வந்தது. எடுத்துக்கொண்டான். இந்தத் தடவை நன்றாகப் பிடித்தான். நடுக்கம் இல்லை. ஜலதோஷம் இல்லை. ஆழமாக, ஒரே சீராக, இரண்டு பேருக்கும் சேர்த்துப் பிடிக்கிற மாதிரி. அவள் கண்ணை மூடினாள். மூச்சு வாங்கினாள். வாங்க நேரம் கொடுத்தான். இன்னும் கொடுத்தான். நல்ல பிள்ளை. இத்தனை நீளமாக அவனால் முடியும் என்று அவளுக்கு இதுநாள் வரை தெரியாது. தோள் தளர்ந்தது. இமை கனத்தது. கொஞ்சம் போகட்டும், பிறகு எடுத்துக்கொள்ளலாம்.

முதுகில் அவன் அசைவது தெரிந்தது. கண்ணைத் திறந்து திரும்பிப் பார்த்தாள்.

அவன் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தான்.

அண்ணாந்து. பாட்டிலை வாயில் கவிழ்த்து. தொண்டைக்குழி ஏறி இறங்கியது. ம்ம்ம் என்பது அறுபடவில்லை.

பாட்டிலை இறக்கினான். புறங்கையால் வாயைத் துடைத்தான். அவளைப் பார்த்து, களைத்துப்போன முகத்தோடு நன்றியாகச் சிரித்தான். நீ பிடித்துக்கொண்டிருக்கிறாய் என்பதற்காக.

அவள் உதடுகள் மூடியிருந்தன. தொண்டையில் அசைவே இல்லை.

அவன் சிரிப்பு மெல்ல நின்றது. அவள் கழுத்தைப் பார்த்தான்.

இருவருக்கும் நடுவில், காதுக்கு வெகு அருகில், அந்தச் சுருதி மூச்சு வாங்கிக்கொள்வதற்காக ஒரு கணம் நின்றது.